யாரை அளாப்புவது?

விளையாட்டிலே முறைதவறி வெற்றிகொள்ள முயல்வதனை எமது சிறுவர் ‘அளாப்பல்’ என்பர். போளையடிக்கும் முற்றத்திலாயினும் கிட்டியடிக்கும் வெளியிலாயினும், அளாப்புகிறவனைக் கூட்டாளிகள் பொறுத்துக்கொள்வதில்லை. அடுத்த நாள் ஆட்டத்தில் அவனுக்கு இடமிராது. சொல் சிறிதாயினும் அதனுள்ளே ஒரு சமூக நியதி அடங்கியிருக்கிறது. ஒருவனுடைய முறையைப் பறித்தோ, ஒருவனுடைய புள்ளியைக் குறைத்தோதான் அளாப்ப முடியும். எதிராள் இல்லாத இடத்தில் அளாப்பல் என்ற குற்றமே தோன்றுவதில்லை.

இந்த எண்ணத்தை எமக்குத் தந்தவன் ஒரு மாணவன். இடைவேளையொன்றின்போது சோனிக் கம்பனியின் பழைய ‘பிளேஸ்டேசன் போர்ட்டபிள்’ கருவியை, அதாவது பி.எஸ்.பி. என்று சுருக்கமாக வழங்கும் கையடக்க விளையாட்டுக் கருவியை, அவன் மடியில் வைத்திருந்தான். திரையின் மூலையிற் காட்டப்பட்ட காசின் தொகை எவ்வளவு செலவழித்தும் குறையவில்லை. கருவியைத் திருத்தி, ‘சீட் கோட்’ எனப்படும் ஏமாற்றுக்குறிகளை அதனுள் இட்டிருப்பதாகச் சொன்னான். “இது அளாப்பல் அல்லவா?” என்று கேட்டோம். “ஆரை சேர் அளாப்பிறது? உள்ளுக்கை ஒருத்தரும் இல்லையே” என்றான். மணி அடித்தபடியால் நாம் விடை கூறாது தப்பினோம்.

ஆனால் அந்த வினா எம்மை விடவில்லை. பின்னர் இதன் வரலாற்றைத் தேடிப் பார்த்தபோது, இதே வினா அமெரிக்காவிலும் ஜேர்மனியிலும் நீதிமன்றப் படியேறியிருப்பதைக் கண்டோம். தனியொருவன் தன் வீட்டில் இருந்து ஆடும் ஆட்டத்தில் ஏமாற்றப்பட்டவர் யாமே என்று எழுந்து நின்றவை அங்கெல்லாம் கம்பனிகளே. விளையாட்டைப் பற்றிய வழக்குப்போலத் தோன்றும் இது உண்மையில் உடைமையைப் பற்றிய வழக்கு என்பதே எமது துணிபு.

வரலாற்றை அதன் பொருளாதார அடியிலிருந்து தொடங்குவதே முறை. மின்திரை விளையாட்டில் ஆடுகிறவனுக்கு மூன்று ‘உயிர்’ என்ற கணக்கு எங்கிருந்து வந்தது? 1978 இல் யப்பானின் டைட்டோக் கம்பனி ‘ஸ்பேஸ் இன்வேடர்ஸ்’ என்ற ஆட்டத்தை வெளியிட்டது. அது கடைகளிலும் கேளிக்கைக் கூடங்களிலும் நிறுத்தப்பட்ட பெட்டி. நாணயம் இட்டால்தான் இயங்கும். எதிரிகள் குறையக் குறைய எஞ்சியோர் விரைவாக நகர்வர். ஆடுகிறவன் எத்துணைத் தேர்ந்தவனாயினும் சில நிமிடங்களில் அவன் சாகவேண்டும். செத்தாற்றான் அடுத்த நாணயம் விழும். உயிர் என்பது அங்கே சில்லறையாக விற்கப்பட்ட நேரம். கடினம் என்பது கலையின் தேவையாக அன்றிப் பெட்டிக்காரனின் வருமானத் தேவையாகப் பிறந்தது. இதனை மறந்துவிட்டு ‘ஆட்டத்தின் தூய்மை’ பற்றிப் பேசுவோர், கூலிக் கணக்கை மறந்துவிட்டு உழைப்பின் மகிமை பேசுவோரை எமக்கு நினைவூட்டுகின்றனர்.

பெட்டி வீட்டுக்குள் வந்தபின் நாணயத் துவாரம் மறைந்தது; உயிர்க் கணக்கு மறையவில்லை. ஒருமுறை விலைகொடுத்து வாங்கிய ஆட்டத்திலும் மூன்றாம் உயிரோடு எல்லாம் முடிந்து, தொடக்கத்திலிருந்து மீண்டும் ஆடவேண்டியிருந்தது. இதற்கும் ஒரு காரணம் உண்டு. அக்காலத்து நினைவகச் சில்லுகள் சிறியவை, விலையுயர்ந்தவை. உலகப் புகழ்பெற்ற ‘சூப்பர் மாரியோ பிரதர்ஸ்’ என்ற ஆட்டம் முழுவதும் 40 கிலோபைற் அளவினுள் அடங்கியது. இவ்வளவு குறுகிய சரக்கைப் பல வாரங்களுக்கு நீட்டவேண்டுமானால் ஒரே வழிதான் இருந்தது: ஆடுகிறவனை அடிக்கடி கொன்று திரும்பத் தொடக்கத்துக்கு அனுப்புவது.

இந்தக் கடினத்தால் முதலில் அவதிப்பட்டவர்கள் அதனை ஆக்கிய தொழிலாளர்களே. கொனாமிக் கம்பனியில் ‘கிரேடியஸ்’ என்ற ஆட்டத்தை நின்டென்டோவின் வீட்டுக் கருவிக்கு மாற்றும் பணி கசுஹிசா ஹஷிமோட்டோ என்பவரிடம் ஒப்படைக்கப்பட்டது. மாற்றிய நிரலைக் கடைசிவரை ஆடிச் சோதிப்பதும் அவர் கடமை. ஆனால் ஆட்டத்தை முடிக்குமளவுக்கு அவருக்குக் கைத்திறன் போதவில்லை. ஆகவே மேல், மேல், கீழ், கீழ், இடம், வலம், இடம், வலம், பின்னர் ‘பி’, ‘ஏ’ என்னும் பொத்தான்களை அந்த ஒழுங்கில் அழுத்தினால் ஆடுகிறவனுக்கு எல்லா வலிமையும் வந்துசேருமாறு ஒரு வழியை உள்ளே வைத்தார். 1986 இல் ஆட்டம் வெளிவந்தபோது அவ்வழியும் உள்ளேயே இருந்து வெளிவந்தது. 1988 இல் வீட்டுக் கருவிக்கு வந்த ‘கொன்ட்ரா’ ஆட்டத்தில் அதே குறி முப்பது உயிர்களைக் கொடுத்தது. அதன்பின் அதனை அறியாத சிறுவர் அமெரிக்காவில் அரிது என்ற நிலை ஏற்பட்டது. ஹஷிமோட்டோ 2020 இல் மறைந்தார்.

ஏமாற்றுக்குறியின் பிறப்பிடம் கள்வனின் மறைவிடமன்று, வேலைசெய்கிறவனின் மேசை என்பதை இங்கே குறித்துக்கொள்ளவேண்டும். மேசன் கட்டடம் எழுப்பச் சாரம் கட்டுகிறான். வேலை முடிந்ததும் ஒரு கம்பு மறந்துபோய் நின்றுவிடுகிறது. அதைப் பிடித்துப் பிள்ளைகள் கூரைமேல் ஏறுகிறார்கள். அவ்வளவுதான். இதனோடு ஒத்த இன்னொரு மறைபொருளையும் கூறலாம். அட்டாரிக் கம்பனி தன் ஆட்டங்களை எழுதியவர்களின் பெயரை வெளியிட மறுத்துவந்த காலத்தில், ‘அட்வென்ச்சர்’ என்ற ஆட்டத்தை எழுதிய வொரன் ரொபினெற், எவரும் எளிதிற் கண்டுபிடிக்க இயலாத ஓர் அறையைச் செய்து அதனுள் தம் பெயரை எழுதிவைத்தார். பெயரும் உரிய பங்கும் கேட்டுக் கிடைக்காத வேறு நால்வர் 1979 இல் வெளியேறி ‘அக்டிவிசன்’ என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கினர்.

பிரித்தானியாவில் இக்கதை வேறொரு வழியிற் சென்றது. 1982 இல் வந்த சின்கிளேயர் ‘ஸ்பெக்ட்ரம்’ போன்ற மலிவான வீட்டுக் கணினிகள் பூட்டப்பட்ட பெட்டிகளல்ல. ‘பேசிக்’ மொழியில் ‘போக்’ என்றொரு கட்டளை இருந்தது. நினைவகத்தின் எந்த அறையிலும் நாம் விரும்பிய எண்ணை அதனால் இடலாம். 1983 இல் வந்த ‘மனிக் மைனர்’ என்ற ஆட்டத்தில் 35136 ஆம் அறையில் 0 என்ற எண்ணை இட்டால் உயிர் குறையாது. இத்தகைய வரிகளைச் சஞ்சிகைகள் மாதந்தோறும் அச்சிட்டன, பள்ளிப்பிள்ளைகள் படியெடுத்தனர், படியெடுக்கையிலேயே பலர் கணினியின் உள்ளமைப்பைக் கற்றனர்.

அடுத்த ஆண்டில் அதே ஆசிரியர் எழுதிய ‘ஜெற் செற் வில்லி’ வந்தது. அதில் ஒரு பழுது இருந்தது: ஒரு குறிப்பிட்ட அறைக்குள் நுழைந்துவிட்டால் பின்னர் ஆட்டத்தை முடிக்கவே இயலாது. வெளியீட்டாளர் முதலில் அது வேண்டுமென்றே வைத்த கடினம் என்று சாதித்தனர். பின்னர் உண்மையை ஒப்புக்கொண்டு, பழுதைத் தீர்க்கும் ‘போக்’ வரிகளைத் தாமே வெளியிட்டனர். உயிரை நீட்டும் கட்டளையும் பழுதைத் திருத்தும் கட்டளையும் ஒரே குலத்தவை என்பதற்கு இதனினும் சிறந்த சான்று தேவையில்லை. கருவியைத் திறந்து பார்க்கும் உரிமை உள்ளவனுக்கே அதனைத் திருத்தும் உரிமையும் உண்டு. அந்த உரிமை இருந்த இடத்தில் எவரும் எவர்மீதும் வழக்குத் தொடுத்ததாக நாம் அறியவில்லை.

நின்டென்டோவின் வீட்டுக் கருவியோ பூட்டிய பெட்டி. ஆட்டத்தின் நிரல் கார்ட்ரிட்ஜினுள் எழுதப்பட்டு மூடப்பட்டிருந்தது; ‘போக்’ இடுவதற்கு வழி கிடையாது. 1990 இல் பிரித்தானியாவின் கோட்மாஸ்டர்ஸ் நிறுவனத்தார் இதற்கொரு உபாயம் கண்டனர். ‘கேம் ஜீனி’ என்ற அவர்களது கருவி கார்ட்ரிட்ஜுக்கும் பெட்டிக்கும் இடையே செருகப்படுவது. பெட்டி ஒரு குறிப்பிட்ட இடத்திலுள்ள எண்ணைக் கேட்கும்போது, கார்ட்ரிட்ஜ் சொல்லும் விடையை மறித்து வேறொரு விடையைச் சொல்லும். மூன்று உயிர் என்று கார்ட்ரிட்ஜ் சொன்னால் ஒன்பது என்று இது சொல்லும். மின்னை நிறுத்திவிட்டால் எல்லாம் பழையபடி ஆகிவிடும். கார்ட்ரிட்ஜில் ஓர் எழுத்தும் மாறுவதில்லை. அமெரிக்காவில் இதனை விற்கும் உரிமையைக் கலூப் என்ற விளையாட்டுப் பொருட் கம்பனி பெற்றது.

நின்டென்டோ வழக்காடி, 1990 இல் விற்பனைக்கு இடைக்காலத் தடை வாங்கியது. அதன் வாதத்தை எமது இலக்கண மரபின் சொற்கொண்டு கூறலாம். நன்னூலார் நூல்களை முதல், வழி, சார்பு என மூவகைப்படுத்துவார். நின்டென்டோவின் ஆட்டம் முதல்நூல். ஒன்பது உயிரோடு ஆடப்படும் ஆட்டம் அதிலிருந்து செய்த வழிநூல். வழிநூல் செய்யும் உரிமை முதல்நூலின் உடைமையாளருக்கே உரியது. ஆகவே கேம் ஜீனி களவு என்பது வாதம். சான் பிரான்சிஸ்கோவில் வழக்கை விசாரித்த நீதிபதி ஃபேர்ண் ஸ்மித் 1991 இல் இதனை ஏற்க மறுத்தார். வாங்கிய புத்தகத்தில் சில பகுதிகளைத் தாண்டிப் படிப்பதும், வாங்கிய ஒளிநாடாவை வேகமாக ஓடவிட்டுப் பார்ப்பதும் எத்தகையனவோ அத்தகையதே இதுவும் என்றார். நியாயமான விலையைக் கொடுத்துவிட்ட ஒருவன் தன் மகிழ்ச்சிக்காக வீட்டினுள் அப்பொருளைக்கொண்டு வெவ்வேறு வகையாக ஆடிப்பார்ப்பதனால் வழிநூல் எதுவும் பிறப்பதில்லை என்பது தீர்ப்பின் கருத்து. 1992 இல் மேன்முறையீட்டு நீதிமன்றமும் இதனை உறுதிப்படுத்தியது. வழிநூல் என்றால் அது எங்கேயாவது நிலையான உருவிற் கிடக்கவேண்டும். மின்னோடு தோன்றி மின்னோடு மறைவது நூலாகாது என்றது.

தடை பெறும்போது நின்டென்டோ 1 கோடி 50 இலட்சம் டொலரைப் பிணையாகக் கட்டியிருந்தது. ஓராண்டு விற்பனையை இழந்த கலூப்புக்கு அத்தொகை முழுவதையும் வழங்குமாறு இடப்பட்ட கட்டளை 1994 இல் உறுதியாயிற்று. இதனிடையே நின்டென்டோவின் போட்டியாளரான சேகாக் கம்பனி, தன் கருவிக்குரிய கேம் ஜீனிக்கு ஒப்புதல் முத்திரையே கொடுத்தது என்பது வேடிக்கை. ஒருவருக்குத் திருட்டாகப் படுவது மற்றவருக்கு வியாபாரமாகப் படுகிறது. கலூப்பையோ கோட்மாஸ்டர்ஸையோ மக்களின் காவலராக நாம் கருதிவிடலாகாது. அவர்களும் இலாபம் கருதியவர்களே. எனினும் முதலாளிகள் இருவர் முட்டிக்கொள்ளும்போது சாதாரண மனிதனின் உரிமையொன்று தற்செயலாக ஏட்டில் ஏறிவிடுவதுண்டு.

1989 இல் நின்டென்டோ வெளியிட்ட ‘கேம்போய்’ என்ற கையடக்கக் கருவிக்கும் கேம் ஜீனி வந்தது. குறிகளை அச்சிட்ட சிறுபுத்தகத்தைச் செருகிவைக்க அதிலேயே ஓர் இடம் இருந்தது. கையடக்கக் கருவியின் தன்மை இங்கே முக்கியமானது. கேளிக்கைக் கூடத்தில் ஆடியவனைச் சுற்றிப் பார்வையாளர் நின்றனர். வீட்டுத் தொலைக்காட்சியின்முன் அண்ணன் தம்பியர் இருந்தனர். பேருந்திலும் படுக்கையிலும் கையடக்கக் கருவியோடு இருப்பவன் தனியன். புத்தகம் வாசிப்பவனைப்போலத் தனியன்.

பி.எஸ்.பி. 2004 டிசம்பரில் யப்பானிலும், மறு ஆண்டில் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் விற்பனைக்கு வந்தது. அது கையளவான முழுக் கணினி. அதன் செயலி 333 மெகாஹேட்ஸ் வேகத்தில் ஓடவல்லது. ஆனால் ஆட்டங்கள் 222 இற்கு மேற் செல்லாதவாறு சோனி கட்டிவைத்தது. 2007 இல்தான் அக்கட்டை அவிழ்த்தது. முழு எருதுக்கு விலை கொடுத்தவனுக்கு மூன்று காலில் நடக்கும் எருதே கிடைத்தது எனலாம். மின்கலம் விரைவில் தீர்ந்துவிடும் என்ற அச்சம் அதற்குக் காரணமாயிருந்திருக்கலாம். அப்படியாயினும் வேகமா, நீண்ட நேரமா என்று முடிவுசெய்யும் உரிமை வாங்கியவனுக்கு வழங்கப்படவில்லை. இதைவிடப் பெரிய கட்டு ஒன்றும் இருந்தது. சோனியின் மறைக்குறி ஒப்பம் இல்லாத எந்த நிரலையும் அக்கருவி இயக்காது.

யப்பானில் முதலில் விற்ற கருவிகளில் இந்தக் காவல் சரியாக அமையவில்லை. ஒப்பமிடாத நிரல்களும் ஓடின. அடுத்த பதிப்பில் காவல் வந்தது. 2005 நடுப்பகுதியில் ஆர்வலர் அதனைக் கடந்த முறை விந்தையானது: இரண்டு நினைவட்டைகளை வைத்துக்கொண்டு, கருவி முதலாவதைச் சோதித்து ஏற்றுக்கொண்ட கணத்தில் அதை இழுத்தெடுத்து மற்றதைச் செருகுவர். கருவி ஏமாந்துவிடும். சோனி புதிய பதிப்பு விட்டது. ஆர்வலர் படமொன்றின் கோப்பில் ஓட்டை கண்டனர். மீண்டும் புதிய பதிப்பு. மீண்டும், சேமித்துவைத்த ஆட்டக் கோப்பொன்றில் ஓட்டை. இப்படியே சென்றது.

2007 இல் கண்டுபிடிக்கப்பட்ட வழியே எல்லாவற்றிலும் சிறந்தது. பி.எஸ்.பி.யின் மின்கலத்தினுள்ளே ஒரு தொடரெண் பதியப்பட்டிருக்கும். ஒரு குறிப்பிட்ட எண்ணுடைய மின்கலத்தைச் செருகினால் கருவி தன் காவல்களை ஒதுக்கிவைத்து நினைவட்டையிலிருந்தே எழுந்துவிடும். அது பழுதுபார்க்கும் தொழிலாளர்களுக்காகச் சோனியே வைத்த வழி. சாதாரண மின்கலத்தின் எண்ணை அவ்வாறு மாற்றி, அதற்குக் கிரேக்கப் புராணத்துப் பண்டோராவின் பெயரை இட்டனர். கிரேடியஸில் சோதிப்பவனுக்கான வழி, பி.எஸ்.பி.யில் திருத்துபவனுக்கான வழி. இரண்டு இடத்திலும் கதவின் திறப்பு உழைப்பாளியின் கையில் இருந்ததே என்பது எமக்கு வியப்பாயில்லை. பிந்திய கருவிகளில் சோனி இவ்வழியை அடைத்தது.

இவ்வாறு திறக்கப்பட்ட கருவிகளில் ‘சீ.டபிள்யூ.சீட்’ என்ற சிறு நிரல் பரவலாக வழங்கியது. எமது மாணவனின் கருவியிலும் இருந்தது அதுவே. ஒரு பொத்தானைச் சற்றுநேரம் அழுத்திப் பிடித்தால் ஆட்டம் உறைந்து நிற்க, அதன்மேல் ஒரு பட்டியல் தோன்றும். வேண்டிய குறியைத் தெரிவுசெய்யலாம். குறியை இன்னொருவரிடம் பெறாது தானே தேடிக்கொள்ளவும் இயலும். தேடும் முறை ஆசிரியர்கள் கவனிக்கத்தக்கது. முதற் கருவிகளின் தற்காலிக நினைவகம் 32 மெகாபைற். அதாவது மூன்று கோடிக்கு மேற்பட்ட சிறு அறைகள். அவற்றுள் ‘உயிர்’ எந்த அறையில் எழுதப்பட்டிருக்கிறது? உயிர் மூன்றாயிருக்கும்போது, 3 என்ற எண்ணுள்ள எல்லா அறைகளையும் குறித்துக்கொள்வர், அவை எண்ணிறந்தன. பின்னர் ஓர் உயிரை வேண்டுமென்றே இழப்பர். முன்பு 3 ஆயிருந்து இப்போது 2 ஆனவை எவை? பட்டியல் சுருங்கும். இன்னுமோர் உயிரை இழப்பர். ஈற்றில் ஒன்றிரண்டு அறைகளே எஞ்சும். அதில் வேண்டிய எண்ணை இட்டு, ஆட்டம் அதனை மாற்ற மாற்ற ஓயாது திரும்ப எழுதிக்கொண்டிருக்கச் செய்வர். கருதுகோள், சோதனை, விலக்கல் என்ற விஞ்ஞான முறைதான் இது. எமது பாடசாலை ஆய்வுகூடங்களில் இத்துணை ஆர்வத்தோடு இம்முறை கையாளப்படுவதை நாம் கண்டதில்லை.

மறுபக்கத்தையும் மறைக்கலாகாது. கருவியைத் திறந்தவர்களிற் பலர் குறி இடுவதற்காகத் திறக்கவில்லை. விலை கொடாது ஆட்டங்களைப் படியெடுத்து ஆடவே திறந்தனர். சிறு குழுக்களாக உழைத்து ஆட்டங்களைச் செய்தவர்கள் அதனால் இழப்படைந்தனர். அந்த உழைப்பு எவ்வித மரியாதைக்கும் உரியதன்று என்று கூறும் ‘புரட்சியை’ நாம் ஏற்கவில்லை. அவ்வாறே, ‘மொன்ஸ்டர் ஹண்டர்’ போன்ற ஆட்டங்களில் நால்வர் கம்பியின்றி இணைந்து வேட்டையாடினர். அங்கே ஒருவன் குறியிட்டுப் பெற்ற படைக்கலத்தோடு வந்து நிற்பானாயின், மற்ற மூவரின் பல நாள் உழைப்பு வீணாகும். அது அளாப்பல்தான், முற்றத்துச் சிறுவர்களின் நீதியே அவனுக்கும் உரியது. ஆனால் படியெடுத்தல் வேறு, பிறரோடு ஆடுகையில் அளாப்புதல் வேறு, விலைகொடுத்து வாங்கிய ஆட்டத்தைத் தனியே இருந்து தன் விருப்பப்படி ஆடுதல் வேறு. மூன்றையும் ஒரே சாக்கிற் போட்டுக் கட்டுவது கம்பனிகளின் பழைய உபாயம்.

மூன்றாவதைப் பற்றிய வழக்கொன்று ஜேர்மனியில் நடந்தது. பிரித்தானியாவின் டேட்டெல் நிறுவனம் பி.எஸ்.பி.க்கான ‘அக்சன் ரிப்ளே’ நிரலை விற்றது. நினைவட்டை வழியாக அதனைச் சேர்த்துக் கருவியை மீண்டும் இயக்கினால் புதிய பட்டியலொன்று தோன்றும். ‘மோட்டர்ஸ்டோர்ம் ஆர்க்டிக் எட்ஜ்’ என்ற ஓட்டப்பந்தய ஆட்டத்தில் வாகனத்துக்கு மிகைவேகம் கொடுக்க ஒரு பொத்தான் உண்டு. அதற்கு எல்லை வைக்கப்பட்டிருந்தது. சில ஓட்டுநர்களைப் பெறவேண்டுமானால் குறித்த புள்ளிகளைச் சேர்க்கவும் வேண்டும். அக்சன் ரிப்ளே இரு தடைகளையும் நீக்கியது. தன் பதிப்புரிமை மீறப்பட்டது என்று சோனி வழக்கிட்டது. 2012 இல் ஹம்பேர்க் நீதிமன்றம் ஓரளவு சோனியின் பக்கம் சாய்ந்தது. 2021 இல் அங்குள்ள மேல்நீதிமன்றம் அதனைப் புரட்டியது. ஜேர்மனியின் உச்ச சிவில் நீதிமன்றம் 2023 இல் லக்சம்பேர்க்கிலுள்ள ஐரோப்பிய நீதிமன்றத்திடம் விளக்கம் கேட்டது.

அந்நீதிமன்றத்துக்கு 2024 ஏப்ரலில் கருத்துரை வழங்கிய மாசியே ஷ்புனார் என்ற சட்ட அறிஞர் கூறிய உவமை எம்மைக் கவர்ந்தது. துப்பறியும் நாவலை வாங்கியவன், கொலைகாரன் யார் என்று அறியக் கடைசிப் பக்கத்துக்குத் தாவினால், நூலின் சுவையும் ஆசிரியரின் பாடும் வீணாகலாம். ஆயினும் ஆசிரியர் அதனைத் தடுக்க இயலாது என்றார் அவர். மூன்று தசாப்தங்களுக்கு முன்னர் சான் பிரான்சிஸ்கோவில் சொல்லப்பட்ட புத்தக உவமை, கடல் கடந்து வேறொரு சட்ட மரபில் மீண்டும் பிறந்திருக்கிறது. 2024 அக்டோபர் 17 இல் ஐரோப்பிய நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நிரலின் எழுத்து காக்கப்படுகிறது. நிரல் ஓடும்போது நினைவகத்தில் எழுதி அழிக்கும் மாறிகளின் பெறுமானங்கள், அவற்றைக்கொண்டு நிரலையே மீள ஆக்க முடியாதவரை, இச்சட்டத்தாற் காக்கப்படுவதில்லை என்பதே அதன் சாரம். 2025 ஜூலை 31 இல் ஜேர்மனிய நீதிமன்றம் சோனியின் முறையீட்டைத் தள்ளியது. இதற்குள் பி.எஸ்.பி. உற்பத்தி 2014 இல் நின்று பதினோராண்டு கடந்திருந்தது. இறந்த கருவியின்மேல் உரிமைக்காக உயிரோடிருந்த கம்பனி அதுவரை வாதாடியது.

வழக்குகள் நடந்துகொண்டிருக்கையில் சந்தையில் ஒரு மாற்றம் நிகழ்ந்தது. முன்னர் பொத்தான் ஒழுங்கால் இலவசமாகக் கிடைத்தவை விலைப்பட்டியலில் ஏறின. 2018 இல் யூபிசொஃப்ட் கம்பனி வெளியிட்ட ‘அசசின்ஸ் கிரீட் ஒடிசி’ தனியொருவர் ஆடும் ஆட்டம். முழு விலை கொடுத்து வாங்கியபின், அனுபவப் புள்ளிகள் நிரந்தரமாக விரைந்து சேருவதற்கென அதே கம்பனியின் கடையில் ஏறத்தாழ 10 டொலருக்கு ஒரு பொருள் விற்கப்பட்டது. நினைவக அறையில் ஓர் எண்ணை மாற்றுவதுதான் அப்பொருளின் உள்ளடக்கம். வாங்கியவன் தானே செய்தால் ஏமாற்று. கம்பனி செய்து விற்றால் வசதி. வேகமாக வளரும் வழியை விற்கவேண்டுமானால் சாதாரண வழி சலிப்பூட்டுமளவுக்கு நீண்டதாயிருக்க வேண்டும் என்ற ஆசை வணிகனுக்கு எழாதா? நாணயத் துவாரம் வேறுருவில் திரும்பிவிட்டது.

நேர்மையான வேறு போக்கும் உண்டு. அதே 2018 இல் சிறு குழுவொன்று வெளியிட்ட ‘செலெஸ்ற்’ என்ற மலையேறும் ஆட்டம் மிகக் கடினமானது. ஆயினும் ஆட்டத்தின் வேகத்தைக் குறைக்கவும், களைப்பை நீக்கவும், சாவையே இல்லாததாக்கவும் அதிலேயே தெரிவுகள் இருந்தன. அவற்றுக்கு மேலதிக விலை கேட்கப்படவில்லை. முதலில் ‘ஏமாற்று முறை’ என்று வழங்கிய அதற்கு, ஆடுகிறவரை இழிவுசெய்வதாகும் எனக் கருதி ‘உதவி முறை’ என்று பெயரை மாற்றினர். விரல் நடுங்குகிறவரும், பார்வை மங்கியவரும், நாள் முழுவதும் வேலைசெய்து அரைமணி நேரமே ஓய்வு பெறுபவரும் ஆடுகிறவர்களில் உளர் என்பதை நினைவிற்கொண்டவர்களின் செயல் இது.

ஆனால் சட்டம் எங்கும் ஐரோப்பாவின் வழியிற் செல்லவில்லை. யப்பானில் நியாயமற்ற போட்டித் தடைச் சட்டம் 2018 இல் திருத்தப்பட்டு, சேமித்த ஆட்டக் கோப்புகளை மாற்றிக்கொடுக்கும் சேவையும் அதன் வலைக்குட் கொண்டுவரப்பட்டது. 2021 இல், நின்டென்டோவின் ‘பிரெத் ஒஃப் த வைல்ட்’ என்ற தனியாள் ஆட்டத்தின் கோப்புகளை வலிமை கூட்டி 3,500 யென்னுக்கு விற்றார் என்று ஒருவரைப் பொலிசார் கைதுசெய்தனர். போட்டி என்ற சொல்லைத் தாங்கிய சட்டம், போட்டியாளரே இல்லாத ஆட்டத்தின்மேல் விழுந்தது.

ஐரோப்பியத் தீர்ப்பிலும் நாம் அளவுக்கு மிஞ்சி மகிழ இடமில்லை. மாறிகள் வாங்கியவனின் கையிலுள்ள நினைவகத்தில் இருக்கும்வரைதான் அதனாற் பயன். ஆட்டத்தின் கணக்கைத் தொலைவிலுள்ள கம்பனியின் கணினியில் வைத்துக்கொண்டு திரையை மட்டும் அனுப்பும் முறை இப்போது பரவிவருகிறது. அங்கே தேடுவதற்கு அறையுமில்லை, எழுதுவதற்கு எண்ணுமில்லை. கையிற் கொடுக்கும் கருவியின் நிலையும் அதனைவிடப் பெரிதும் மேலானதன்று. 2025 மே மாதத்தில், தன் புதிய கருவி வெளிவருவதற்குச் சற்று முன்னர், நின்டென்டோ அமெரிக்காவிலுள்ள பயனருக்குரிய ஒப்பந்த வாசகத்தை மாற்றியது. அனுமதியின்றிக் கருவியைத் திருத்துவோரின் கருவியை முழுவதுமாகவோ பகுதியாகவோ நிரந்தரமாகப் பயனற்றதாக்கும் உரிமை கம்பனிக்கு உண்டு என்பது அதிற் புதிதாகச் சேர்க்கப்பட்ட விதி. விலை கொடுத்தவனின் வீட்டில், விலை கொடுத்தவனின் மேசைமேல் இருக்கும் கருவியைப் பற்றியே இவ்விதி பேசுகிறது. மாணவனிடம் இதைச் சொன்னபோது, “அப்ப வித்தது என்னத்தை சேர்?” என்று கேட்டான்.